காலம் கடந்த முறையீடு

பொறுத்தல் பெருந்தன்மை என்பதை மறுப்பார் இல்லை. ஆயின், பொறுப்பவர் ஒருவராகவும், அதனால் வரும் இழப்பை ஏற்பவர் மற்றொருவராகவும் இருக்குமிடத்து அப்பெருந்தன்மை எத்தகையது? காலம் கடந்து வந்த மேல்முறையீட்டை நீதிமன்றம் ஏற்கும்போதெல்லாம் எழுகின்ற வினா இது.

1963 ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி, உரிமையியல் வழக்கின் தீர்ப்பை எதிர்த்து உயர் நீதிமன்றத்திற்குச் செல்ல 90 நாள்; பிற நீதிமன்றங்களுக்கு 30 நாள். தீர்ப்பின் நகல் பெறுவதற்குரிய நாள்கள் இக்கணக்கில் சேரா. எதிர்த்தரப்பினர் வாய் திறவாவிடினும், காலம் கடந்த முறையீட்டைத் தள்ளுவது நீதிமன்றத்தின் கடமை என்கிறது 3 ஆம் பிரிவு. அக்கடுமையைத் தணிக்க வந்தது 5 ஆம் பிரிவு. தாமதத்திற்குப் ‘போதிய காரணம்’ உண்டென்று காட்டினால் நீதிமன்றம் பொறுத்தருளலாம். எது போதிய காரணம் என்பதைச் சட்டம் வரையறுக்கவில்லை. அதனை நீதிபதியின் தெளிவுக்கே விட்டுவிட்டது.

நம்மவர் பலருக்கு இஃது ஏட்டளவில் நிற்கும் செய்தி அன்று. பிழைப்பு தில்லியிலோ மும்பையிலோ இருக்க, நிலமும் வீடும் ஊரில் இருக்கின்றன. ஊரில் தீர்ப்பு வந்த செய்தி, இங்கு வந்து சேர்வதற்குள் முப்பது நாள் கழிந்துவிடுவது அரிதன்று. அத்தகையோரைக் கதவடைத்து அனுப்புவது முறையாகாது. ஆனால், அதே ஊரில் தீர்ப்பைப் பெற்றவரும் ஒருவர் இருக்கிறார். கெடு முடிந்தது, இனி அச்சமில்லை என்று அவர் வீட்டைப் பழுதுபார்த்திருக்கலாம். மகளுக்கு மணம் பேசியிருக்கலாம். கெடு கடந்தபின் அவருக்கு ஓர் உரிமை பிறக்கிறது. அதனை எளிதில் கலைத்தலாகாது என்று உச்ச நீதிமன்றம் 1961 லேயே கூறியது.

1987 இல் ஜம்மு காஷ்மீர் அரசின் நிலக்கையகப்படுத்தல் வழக்கொன்றில், நான்கே நாள் தாமதத்தைப் பொறுத்த அந்நீதிமன்றம், நுட்பத்தினும் நீதியே பெரிது என்றது. 1998 இல் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற வழக்கில், கட்சிக்காரரை அவருடைய வழக்கறிஞரே கைவிட்டிருந்தார். அங்கே 883 நாள் தாமதமும் பொறுக்கப்பட்டது. தாமதத்தின் நீளத்தினும் விளக்கத்தின் ஏற்புடைமையே அளவுகோல் என்பது அத்தீர்ப்பின் சாரம். ஆனால் 2012 இல் அஞ்சல் துறை 427 நாள் பிந்தி வந்து, கோப்பு மேசைக்கு மேசை நகர்ந்த கதையைச் சொன்னபோது கதவு திறக்கவில்லை. 883 நாளுக்குத் திறந்த கதவு 427 நாளுக்குத் திறவாமை முரண்பாடு போலத் தோன்றும், அன்று. முன்னவர் தம்மால் இயன்றதைச் செய்து ஏமாந்தவர். பின்னது எல்லா வசதியும் இருந்தும் வாளாவிருந்தது.

2020 இல் பெருந்தொற்றுப் பரவியபோது 15.03.2020 முதல் 28.02.2022 வரையுள்ள நாள்களைக் காலக் கணக்கிலிருந்தே உச்ச நீதிமன்றம் நீக்கியது. இடர் எல்லோர்க்கும் பொதுவாக வந்தமையின், அங்கே எவரும் தனித்தனியே காரணம் காட்ட வேண்டியதாயிற்றில்லை.

வள்ளுவர் பொறையுடைமைக்கு ஓர் அதிகாரம் வகுத்தார். காலமறிதலுக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார். ஒன்றை மற்றொன்றுக்குப் பலியிடச் சொன்னாரில்லை. நம் கடமையும் அதுவே. இயலாமையையும் அசட்டையையும் ஒரே தராசில் நிறுத்தலாகாது. தாமதித்தவர் ஏழையா, எழுத்தறியாதவரா, தொலைவில் இருந்தவரா, செய்தியறிந்தவுடன் எழுந்தாரா என்று கேட்பது நீதி. அவருக்குக் கதவு திறக்கும்போது, காத்திருந்தவருக்கு நேர்ந்த செலவை ஈடுசெய்யக் கட்டளையிடுவதும் நீதியே. பிறர் பொருளைக் கொண்டு அறஞ்செய்பவர், அப்பொருளுக்கு உரியவரை ஒருமுறையேனும் திரும்பிப் பார்த்தல் வேண்டும்.