பிறந்த மண்ணும் பேனாவின் சாட்சியமும்

புகாரி என்றதும் நம் நெஞ்சில் தோன்றுவது நபிமொழித் தொகுப்பு. ஆனால் அச்சொல்லின் நேர்ப்பொருள் புகாரா நகரத்தவர் என்பதே. திர்மிதி என்பது ஜைஹூன் ஆற்றங்கரையிலுள்ள திர்மித் ஊரினரைக் குறிக்கும். நவவீ என்பது சிரியா நாட்டின் நவா என்னும் ஊரினரைக் குறிக்கும். காயல்பட்டினத்துப் பெரியார் ஸதக்கத்துல்லாஹ் அப்பா அவர்களின் பெயரோடும் ‘காஹிரீ’ என்னும் ஊர்ப்பெயர் இணைந்தே நிற்கிறது. அறிஞரைச் சொல்லும்போதே அவரை ஈன்ற மண்ணையும் சேர்த்துச் சொல்லிவிடுவது இஸ்லாமியக் கல்வியுலகின் மரபு.

அமெரிக்க எழுத்தாளர்களின் பெயரில் ஊர் இல்லை. அவர்தம் எழுத்தில் இருக்கிறது. அமெரிக்க இலக்கியம் என ஒற்றைப் பெயரால் நாம் அழைப்பது, கூர்ந்து நோக்கின், பல வட்டாரங்களின் இலக்கியமே. மார்க் ட்வெய்னுக்கு மிசிசிப்பி ஆற்றங்கரையிலுள்ள ஹானிபல். வில்லியம் ஃபாக்னருக்கு மிசிசிப்பி மாநிலத்தின் ஆக்ஸ்ஃபோர்டு. ஜான் ஸ்டைன்பெக்குக்குக் கலிஃபோர்னியாவின் சலீனாஸ் பள்ளத்தாக்கு. தாமஸ் வுல்ஃபுக்கு வட கரோலினாவின் ஆஷ்வில். இவர்களைப் பயிலும்போது ஓர் அறக்கேள்வி எழுகின்றது. தன்னை வளர்த்த ஊரின் குறையை உலகறியச் சொல்பவன் நன்றி கொன்றவனா? அல்லது நன்மை செய்தவனா?

பிறந்த மண்ணின் மீது பற்றுக் கொள்வது குற்றமன்று. அண்ணல் நபி (ஸல்) அவர்கள் மக்காவைவிட்டு வெளியேறிய வேளையில், அந்நகரைவிடத் தமக்கு விருப்பமான பூமி வேறில்லை என்று வருந்தியதை ஹதீஸ் நூல்கள் பதிவு செய்துள்ளன. மதீனாவில் காய்ச்சலுற்றுக் கிடந்த பிலால் (ரலி) அவர்கள் மக்காவின் புல்லையும் மலைகளையும் எண்ணி ஏங்கினார்கள். அதே மக்காவில்தான் அன்னாரைச் சுடுமணலில் கிடத்திப் பாறையேற்றி வதைத்தார்கள்! வதைத்த ஊரென்று தெரிந்தும் அதன் புல்வெளியை நேசிக்க மனித உள்ளத்தால் முடிகிறது. இந்த இருமையைப் புரிந்துகொண்டால், மேற்சொன்ன எழுத்தாளர்களையும் புரிந்துகொள்ளலாம்.

வில்லா கேத்தர் என்னும் அம்மையார் 1873ஆம் ஆண்டு வர்ஜீனியாவில் பிறந்தவர். ஒன்பது வயதில் நெப்ராஸ்காவுக்குக் குடிபெயர்ந்தார். மலையும் மரமும் கண்டு பழகிய சிறுமிக்கு, எல்லையற்று விரிந்த அப்புல்வெளி முதலில் அச்சத்தையே தந்தது. வளர்ந்து பத்திரிகைப் பணியில் மூழ்கியிருந்தவருக்கு, மெய்ன் மாநிலத்தின் சாரா ஆர்ன் ஜூவெட் என்னும் மூத்த எழுத்தாளர் 1908இல் கடிதம் எழுதி, சொந்த அனுபவத்தின் ஆழத்திலிருந்து எழுதுமாறு அறிவுரை கூறினார். பின்னர் கேத்தர், அச்சம் தந்த அப்புல்வெளியையும், அங்கே மண்ணோடு போராடிய செக், ஸ்வீடன் நாட்டுக் குடியேறிகளையும் எழுதியே பெரும்புகழ் எய்தினார். இது பற்றின் கதை. இதில் சிக்கல் ஏதும் இல்லை. ஊரார் மறைக்க விரும்புவதை எழுத்தாளன் எழுதத் துணியும்போதுதான் சிக்கல் பிறக்கிறது.

ஒப்பு நோக்கத்தக்க இரு நிகழ்ச்சிகள் உள்ளன. 1929இல் தாமஸ் வுல்ஃப் தமது முதல் நாவலை வெளியிட்டார். ஊரின் பெயரை மாற்றிவிட்டு, ஆஷ்வில் நகர மாந்தரை அடையாளம் தெரியும்படியே அதில் உலவவிட்டிருந்தார். அவருடைய தாயார் நடத்திய விடுதியும், கல்லறைக் கற்கள் செதுக்கிய தந்தையாரின் குடிப்பழக்கமும், அண்டை வீட்டாரின் அந்தரங்கங்களும் நூலேறின. ஊர் கொதித்தது. ஆண்டுகள் பல ஊர்ப்பக்கம் செல்லாதிருந்த வுல்ஃப் 1937இல்தான் திரும்பி வந்தார். அடுத்த ஆண்டே காலமாகி அவ்வூர் மண்ணிலேயே அடக்கமானார்.

மற்றொன்று ஸ்டைன்பெக்கின் கதை. புழுதிப் புயலாலும் கடனாலும் நிலமிழந்து கலிஃபோர்னியாவுக்கு வந்த உழவர்கள், பழத்தோட்டங்களில் அற்பக் கூலிக்கு அல்லற்பட்டார்கள். 1936இல் அவர்களுடைய முகாம்களை நேரிற் கண்டு செய்தித்தாளில் கட்டுரைகள் எழுதிய ஸ்டைன்பெக், 1939இல் அத்துயரை நாவலாக்கினார். தோட்ட முதலாளிகள் சினந்தெழுந்தனர். கெர்ன் மாவட்ட ஆட்சிக்குழு அதே ஆண்டில் அந்நூலைப் பள்ளிகளிலும் பொது நூலகங்களிலும் தடை செய்தது. சொந்த ஊராகிய சலீனாஸிலும் அவர்மீது வெறுப்பு மூண்டது.

ஊரார் கண்ணுக்கு இருவரும் ஒரே குற்றத்தைச் செய்தவர்களே. ஆனால் அறத்தின் தராசில் இருவரும் ஒன்றா? இங்கே நம் முன்னோரான இமாம்கள் ஒரு தெளிவான வழியைக் காட்டியுள்ளார்கள். புறம் பேசுதல், அதாவது கீபத், செத்த சகோதரனின் மாமிசத்தைத் தின்பதற்கு ஒப்பென்று திருமறை அருவருப்போடு எச்சரிக்கிறது. சொல்லப்படும் குறை மெய்யாக இருப்பினும் அது கீபத்தே, பொய்யானால் அவதூறாகிவிடும். ஆகவே, ‘நான் உண்மையைத்தானே எழுதினேன்’ என்பது எழுத்தாளனுக்கு முழு விடுதலை தந்துவிடாது. எனினும் இமாம் நவவீ (ரஹ்) அவர்கள் தமது ‘ரியாளுஸ் ஸாலிஹீன்’ நூலில், பிறர் குறையைச் சொல்ல அனுமதியுள்ள ஆறு சூழ்நிலைகளை வகுத்துரைக்கிறார்கள். அநீதிக்குள்ளானவன் முறையிடுவதும், தீமையை மாற்ற உதவி நாடுவதும், மக்களைத் தீங்கிலிருந்து எச்சரிப்பதும் அவற்றுள் அடங்கும்.

இவ்வளவுகோலால் அளந்து பார்ப்போம். ஸ்டைன்பெக் சொன்ன குறை வலியவர் எளியவருக்கு இழைத்த அநீதி. தாமே முறையிட வாயற்றவர்களுக்காக அவர் முறையிட்டார். அது கீபத் அன்று, சாட்சியம். வுல்ஃப் எழுதியவற்றுள் பெரும்பகுதி அத்தகையதன்று. அண்டை வீட்டாரின் அந்தரங்கம் அச்சேறியதால் எந்த அநீதி நீங்கியது? அவருடைய எழுத்தாற்றல் வியக்கத்தக்கது என்பதை மறுப்பாரில்லை. ஆயினும் கலையழகு பிறர் மானத்துக்கு விலையாகாது. அங்கே ஊரார் கொண்ட சினத்தில் நியாயம் உண்டு.

இவ்வளவில் கேள்வி தீர்ந்துவிட்டதா? இல்லை. நம்மை வளர்க்கும் ஊர் நமக்கு மொழியையும் உணவையும் மட்டும் தருவதில்லை. நன்மை தீமை பற்றிய எண்ணத்தையும் அதுவே தருகிறது. அந்த எண்ணமே பிழையாக இருந்தால் என் செய்வது? மார்க் ட்வெய்ன் வளர்ந்த மிசூரி அடிமைமுறை நிலவிய மாநிலம். அவருடைய தந்தையாரும் அடிமை வைத்திருந்தவரே. பள்ளிப் பருவத்தில் அம்முறையைத் தாம் தவறென்றே கருதவில்லை என்றும், அது இறைவனுக்கு உகந்ததென்றே தேவாலய மேடைகள் போதித்தன என்றும் பிற்காலத்தில் அவர் எழுதினார். அவர் படைத்த ஹக்கிள்பெர்ரி ஃபின் என்னும் சிறுவன், தப்பியோடிய ஜிம் என்னும் அடிமையோடு ஆற்றில் தெப்பத்தில் செல்கிறான். ஜிம்மைக் காட்டிக்கொடுப்பதே புண்ணியம், காப்பாற்றுவது நரகத்துக்குரிய பாவம் என்று ஊர் அவனுக்குக் கற்பித்திருக்கிறது. காட்டிக்கொடுக்கக் கடிதமும் எழுதிவிடுகிறான். ஆனால் இரவெல்லாம் தனக்காகக் கண்விழித்த ஜிம்மின் அன்பு நினைவுக்கு வர, நரகமே கிடைப்பினும் கிடைக்கட்டுமென்று கடிதத்தைக் கிழித்தெறிகிறான்!

அமெரிக்காவில் 1885இல் வெளிவந்த இந்நாவலின் உச்சம் இதுவே. இறையச்சத்தை அச்சிறுவன் துறந்தான் என்று நாம் கொள்ளலாகாது. ஊராரின் வழக்கம் இறைவனின் கட்டளைபோல் வேடமிட்டு நின்றது. அவ்வேடத்தைத்தான் அவன் கிழித்தான். எங்கள் மூதாதையரை எந்த வழியில் கண்டோமோ அந்த வழியே எங்களுக்குப் போதும் என்றவர்களைத் திருமறை கண்டிப்பதும் இதனாலன்றோ? ஊர் அளக்கப்படும் பொருளேயன்றி அளவுகோல் ஆகாது.

ஃபாக்னர் இதை இன்னும் ஓரடி முன்னெடுத்துச் சென்றார். தாம் வாழ்ந்த லாஃபயெட் மாவட்டத்தை ஒட்டி யோக்னபடாஃபா என்னும் கற்பனை மாவட்டத்தைப் படைத்து, 1936இல் வெளிவந்த நாவலில் அதற்கு வரைபடமும் இணைத்தார். 1942இல் வெளியிட்ட நூலொன்றில் ஐசக் என்னும் இளைஞனைக் காட்டுகிறார். குடும்பத்தின் பழைய கணக்குப் பேரேடுகளைப் புரட்டும் அவனுக்கு, அடிமைப் பெண்களுக்குத் தன் பாட்டன் இழைத்த, சொல்ல நாக்கூசும் கொடுமை தெரியவருகிறது. வரவு செலவு எழுதிய ஏடே குற்றப் பட்டியலாக மாறுகிறது. வல்லோன் முன்னிலையில் செயலேடு விரிக்கப்படும் நாளை நம்புகிற நமக்கு இக்காட்சி புதிதன்று. ஐசக் தன் பங்குச் சொத்தைத் துறக்கிறான். எனினும் அவன் முதியவனான பின்பும் அப்பழியின் வித்து அழியவில்லை எனக் காட்டுகிறார் ஆசிரியர். தான் கைகழுவிக்கொள்வது வேறு. பாதிக்கப்பட்டோரின் உரிமையைத் திருப்பித் தருவது வேறு. தவ்பாவின் நிபந்தனைகளுள் பிறர் உரிமையை மீட்டுக் கொடுப்பதும் ஒன்றென நம் மார்க்க அறிஞர்கள் கற்பித்திருப்பதை இங்கு நினைத்தல் தகும்.

இன்று சலீனாஸில் ஸ்டைன்பெக்கின் பெயரில் 1998இல் திறக்கப்பட்ட நினைவு மையம் நிற்கிறது. ஆஷ்வில்லில் வுல்ஃபின் தாயார் நடத்திய விடுதி நினைவில்லமாக விளங்குகிறது. சினந்த ஊர்கள் இன்று பெருமை கொள்கின்றன. ஆனால் பிற்காலப் புகழைக் கொண்டு அறத்தைத் தீர்மானிக்க முடியாது. எழுதும் வேளையிலேயே எழுதுபவனின் நிய்யத்து தூயதாக இருந்தாக வேண்டும்.

தன் கூட்டத்தாரை நேசிப்பது இனவெறியாகுமா என வினவப்பட்டபோது, இல்லை, அநீதியில் அவர்களுக்குத் துணைபோவதே இனவெறி என்ற கருத்துப்பட நபி (ஸல்) அவர்கள் விடையளித்தார்கள். தமக்கோ, பெற்றோருக்கோ, உறவினருக்கோ எதிராயினும் நீதிக்குச் சாட்சி சொல்லுமாறு திருமறையின் நான்காம் அத்தியாயம் பணிக்கிறது. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்த்தால் நம் கேள்விக்கு விடை கிடைத்துவிடும். மண்ணை நேசி, அண்டை வீட்டான் மானத்தை மறை, ஆனால் அநீதியை மறைக்காதே.

நம் ஊர்களின் வரலாற்றையும் பலர் ஆர்வத்தோடு எழுதி வருகின்றனர். பள்ளிவாசல்களையும் பெரியோர்களையும் வணிகப் பெருமையையும் எழுதட்டும், அவை எழுதத்தக்கவையே. அவ்வேட்டில் கைக்கூலிக்கு வழியின்றிக் காத்திருந்த குமர்களுக்கும், கணக்கில் குறைக்கப்பட்ட கூலியாளுக்கும் ஒரு பக்கம் இருக்கட்டும். நாம் எழுதாது விட்ட பக்கமும் எழுதப்பட்ட ஏடு ஒன்று இறைவனிடம் இருக்கிறது.