மூத்தவர் யார்?

நான் பணியாற்றிய தமிழ்ப்பள்ளி ஒன்றில், ஆசிரியர் அறையில் எழுந்த வாதம் ஒன்று இன்றும் என் நெஞ்சில் நிற்கிறது. ஒருவர் பணியில் முதலில் சேர்ந்தவர். மற்றவர் பின்னர்ச் சேர்ந்து, முன்னரே பதவி உயர்வு பெற்றவர். சில ஆண்டுகள் கழித்து முதலாமவரும் அதே பதவியை அடைந்தார். இனி இவ்விருவருள் மூத்தவர் யார்? "நெடுங்காலம் காத்திருந்தவன் நான்" என்றார் ஒருவர். "இப்பதவியின் சுமையை முதலில் தாங்கியவன் நானன்றோ?" என்றார் மற்றவர். தங்காக்கில் தலைமையாசிரியனாக அமர்ந்துள்ள இந்நாளிலும் அவ்வினா என்னை விட்டு அகலவில்லை.

இது நம் இலக்கியம் அறியாத வினா அன்று. தமையனுக்குரிய அரசுரிமை தம்மால் பிறழலாகாது என்று இளங்கோ துறவு பூண்டார் என்பது சிலப்பதிகார மரபு. ஆரியப்படை கடந்த நெடுஞ்செழியனோ, ஒரு குடியிற் பிறந்தாருள் மூத்தவனை விட அறிவுடையவன் வழியையே அரசு நாடும் என்று புறநானூற்றில் பாடினான். மூப்பைப் போற்றியதும் தமிழே; அதனை அளந்து பார்த்ததும் தமிழே.

இந்தியாவில் இவ்வினா நீதிமன்றம் ஏறியது. இட ஒதுக்கீட்டால் ஒருவர் முன்னரே உயர்வு பெற்றாலும், கீழ்ப்பதவியில் அவருக்கு மூத்தவராயிருந்தவர் பின்னர் அதே பதவியை அடையும்போது தம் பழைய மூப்பை மீண்டும் பெறுவார் என்று 1995-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. முன்னர் உயர்ந்தவரின் மூப்பு நிலைக்க 2001-இல் அரசியல் சட்டத்தின் 85-ஆம் திருத்தம் வழி செய்தது. எனினும், தமிழ்நாட்டு நெடுஞ்சாலைத் துறைப் பொறியாளர் வழக்கில், 2015-இல், அத்திருத்தம் அதிகாரம் மட்டுமே அளிக்கிறது என்றும், அரசு கொள்கை முடிவு எடுக்காதவரை பழைய விதியே செல்லும் என்றும் அந்நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

சட்டம் ஒருபுறம் இருக்கட்டும், அறம் யாது? பணியில் சேர்ந்த நாள் முதல் காத்திருந்தவரின் ஆண்டுகள் பதிவேட்டில் உள்ளன. பணிக்குள்ளேயே நுழைய விடாமல் தலைமுறை தலைமுறையாக வாயிலில் நிறுத்தப்பட்டோரின் ஆண்டுகளோ எந்தப் பதிவேட்டிலும் இல்லை. அவர்களும் காத்திருந்தவர்களே. ஆகவே, மூப்பு என்பது காலத்தின் கணக்கு மட்டும் அன்று; எந்தக் காத்திருப்பை நாம் கணக்கில் கொள்கிறோம் என்பதே அது.

எதைக் கொள்வதாயினும், அதை முன்கூட்டியே வெளிப்படையாகச் சொல்வது அரசின் கடன். ஒரே தரத்தில் உள்ள அரசுப் பணியாளரை இனவேறுபாடின்றி நடுநிலையோடு நடத்த வேண்டும் என்று மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 136-ஆம் பிரிவு விதிக்கிறது. நடுநிலைக்கு முதற்படி விதியின் தெளிவு. விதி மௌனம் சாதிக்கும்போது, அதனோடு வழக்காட வேண்டியவர்கள் ஒருவரோடொருவர் வழக்காடுகின்றனர்.

என் நண்பர் இருவரும் அன்று அதைத்தான் செய்தனர். ஓய்வு பெறும்வரை அவர்கள் மனம்விட்டுப் பேசவில்லை. பிழை அவர்களிடம் இல்லை. விலை கொடுத்தவர்கள் மட்டும் அவர்கள்.