கொடுத்தவர் யாவர்?

பிறர் பொருளை அவர் கொடாமல் கொள்வது களவென்பதில் ஐயமில்லை. ஆனால் அறிவானது, ஒருவர் சொல்ல மற்றொருவர் கேட்பதனால் குறைந்துபோகும் பொருளன்று. அவ்வாறாயின், அறிவைக் கொள்வதிலும் களவு உண்டோ? இவ்வினாவை ஆராய்வதற்கு, அகத்தியர் மலையின் மழைக்காட்டில் நிகழ்ந்ததொரு செய்தியை எடுத்துக்கொள்வோம்.

1987ஆம் ஆண்டு டிசம்பர் மாதம், அம்மலையின் கேரளப் பகுதியில் தாவர ஆராய்ச்சியாளர் சிலர் ஏறிச் சென்றனர். வழிகாட்டியவர் காணிக்காரர் என்னும் பழங்குடியினர். ஆராய்ச்சியாளர் களைத்து நிற்க, காணிக்காரரோ ஏதோ ஒரு கனியை மென்றவண்ணம் சோர்வின்றி நடந்தனர். அது யாதென வினவியபோது, குலத்தின் இரகசியமென்று தயங்கினர். வற்புறுத்திய பின்னரே ஆரோக்கியப்பச்சை என்னும் செடியைக் காட்டினர். பாலோடு என்னும் ஊரிலுள்ள தாவரப் பூங்கா ஆராய்ச்சி நிலையத்தார் அதன் இலையை ஆராய்ந்து, வேறு மூன்று மூலிகைகளையும் கூட்டி, ஜீவனி என்னும் மருந்தை ஆக்கினர். அதனைச் செய்து விற்கும் உரிமையைக் கோயம்புத்தூர் மருந்து நிறுவனமொன்று 10 இலட்சம் ரூபாய்க்கும், விற்பனையில் நூற்றுக்கு 2 பங்குக்கும் பெற்றது. வந்ததில் சரிபாதி காணிக்காரருக்கென நிலையத்தார் முடிவு செய்தனர். 1997இல் அவர்களுக்கென ஓர் அறக்கட்டளையும் அமைந்தது. பங்கு கொடுக்கச் சொல்லும் சட்டம் நம் நாட்டில் 2002இல்தான் பிறந்தது. சட்டம் கட்டாயப்படுத்துமுன் பாதியைக் கொடுத்தவரை நாம் மனமாரப் போற்றுகின்றோம்.

எனினும் வினா தீரவில்லை. சொன்னவர் வழிகாட்டிகள் சிலர். அறிவோ குலம் முழுவதற்கும் உரியது. பல ஊர்களில் பிரிந்து வாழும் மற்றையோரை முன்னதாகக் கேட்டவர் யார்? அவர்களுள் மருத்துவம் அறிந்த பெரியோர் சிலர், குல மருந்தைக் கடைச்சரக்காக்குவது தகாதென மறுத்துரைத்தனர். பணத்தில் பங்கு கொடுத்தது பின்னர் நிகழ்ந்தது. இசைவு கேட்பதோ முன்னர் நிகழ வேண்டியது. பின்னது எவ்வளவு பெரிதாயினும் முன்னதற்கு ஈடாகாது.

நோய் தீர்க்கும் மருந்தை ஒரு குலத்தார் மறைப்பது முறையோ எனச் சிலர் கேட்பர். உலகுக்கு அது தேவையாயின், தேவையுடையவரே பணிந்து கேட்டல் வேண்டும். மறுக்க இடமில்லாதவனிடம் கேட்பது கேட்பதாகாது. ஆலையில் உழைத்தோர் இதனை எளிதில் உணர்வர். இயந்திரத்தின் பழுதை ஓசையினாலேயே அறிபவன் தொழிலாளி. அதைச் செப்பனிட்ட பெயரோ மேலிருப்பவனுக்கு. தொழிலாளியின் கூலியை உயர்த்தினால் மட்டும் அக்குறை நீங்கிவிடுமோ?

இன்னுமொன்று உண்டு. இச்செடி தன் காட்டுச் சூழலை விட்டுப் பிற இடத்தில் வளர்ந்தால் மருந்துக் குணம் குன்றுமென ஆராய்ச்சியாளரே கண்டனர். காட்டில் அளவின்றிப் பறித்தால் இனமே அழியுமென வனத்துறையினர் அஞ்சினர். ஆகவே மருந்து வேண்டுவோர்க்குக் காடு வேண்டும். காட்டின் பயனறிய, அதில் தலைமுறை தலைமுறையாய் நடந்தோர் வேண்டும். அம்மக்களை வெளியேற்றிவிட்டு அவர்தம் சொற்களை மட்டும் ஏட்டில் எழுதிக் காப்பது, வேரை வெட்டிவிட்டு இலையைப் பேணுவதற்கு ஒப்பாகும்.

ஆதலால் கற்றோரும் காட்டினரும் கூடிச் செய்யும் பணிக்கு நாம் வேண்டும் முறைமை இதுவே: குலத்தார் அனைவரையும் அவர்தம் மொழியிலேயே முதலில் கேட்க வேண்டும், அவர் மறுத்தால் திரும்பிவிட வேண்டும், இசைந்தால், எவ்வளவு பறிப்பது, எங்கே வளர்ப்பது என்று முடிவு செய்யும் இடத்திலும் அவர்கள் அமர வேண்டும். பங்கு பிரிப்பது இவற்றுக்கெல்லாம் பின்னரே.