புகழுரை போதுமா?

தாயைத் தெய்வமாகப் போற்றுவது தமிழர் மரபு. மேடைதோறும் தாய்மையின் பெருமை முழங்கக் கேட்கிறோம். ஆயினும், கணவன் துணையின்றிப் பிள்ளைகளை வளர்க்கும் தாய்க்கு அப்புகழுரை எவ்வளவு பயன் தருகின்றது? அவளைத் 'தியாகி' என்று வாழ்த்திவிட்டால், சமுதாயத்தின் கடன் தீர்ந்துவிடுமா? இதுவே ஈண்டு ஆராயத்தக்க வினாவாகும்.

தியாகம் என்பது ஒருவர் தாமே விரும்பி ஏற்பது. தனித்து வாழும் தாயோ, இருவர் சுமக்க வேண்டிய சுமையை விரும்பி ஏற்றவள் அல்லள். கணவனின் இறப்போ, அவன் கைவிட்டமையோ, வாழவொண்ணா மணவாழ்வின் முறிவோ அச்சுமையை அவள் தோளில் ஏற்றிவிட்டது. அதற்குத் தியாகம் என்று பெயரிடும்போது, அதில் பங்கேற்க வேண்டியவர்கள் எளிதில் விலகிக்கொள்கின்றனர்.

பிள்ளை வளர்ப்பை ஒருவர் பணியாக மட்டும் நம் முன்னோர் கருதவில்லை. புறநானூற்றின் 312ஆம் பாடலில் பொன்முடியார், ஒரு மகன் உருவாவதில் தாய், தந்தை, கொல்லன், வேந்தன் ஆகியோர்க்கு உரிய கடமைகளைப் பகுத்துக் கூறுகின்றார். அது போர்க்காலப் பாடல். அதன் நோக்கம் இன்றைக்கு ஏலாது. எனினும், பிள்ளையை ஆளாக்குவதில் ஊருக்கும் அரசுக்கும் பங்குண்டு என்னும் எண்ணம் இன்றும் பொருந்துவதே.

மலேசியத் தோட்டப்புறங்களில் இவ்வெண்ணம் ஓரளவு நடைமுறையில் இருந்தது. விடியுமுன் பால்மரம் சீவச் சென்ற தாய், கைக்குழந்தையை ஆயாக் கொட்டகையில் விட்டுச் சென்றாள். பள்ளி விட்டு வந்த பிள்ளைக்கு அண்டை வீட்டார் சோறிட்டனர். வறுமையும் இழிவும் நிறைந்த அவ்வாழ்வைப் பொற்காலம் எனல் தகாது. ஆயினும், பிள்ளையைப் பார்த்துக்கொள்ள ஆள் இருந்தது. தோட்டங்கள் துண்டாடப்பட்டு, மக்கள் நகரத்து அடுக்குமாடி வீடுகளுக்குக் குடிபெயர்ந்தபின், அத்துணையும் அற்றுப்போயிற்று. தொழிற்சாலையில் இரவு வேலைக்குச் செல்லும் தாய், பிள்ளையை வீட்டில் வைத்துப் பூட்டிச் செல்வதா, வேலையைக் கைவிடுவதா என்று தத்தளிக்கின்றாள்.

சட்டமும் மெல்லவே விழித்தது. 1961ஆம் ஆண்டுக் காப்பாளர் சட்டம் தந்தையையே பிள்ளையின் காப்பாளராகக் கொண்டிருந்தது. 1999ஆம் ஆண்டுத் திருத்தமே தாய்க்குச் சம உரிமை வழங்கிற்று. முஸ்லிம் அல்லாதாருக்கான 1976ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சட்டம் 1982இல் நடைமுறைக்கு வந்தது. பிள்ளைகளுக்குத் தந்தை வாழ்க்கைப்படி வழங்க வேண்டுமென ஆணையிட அது நீதிமன்றத்திற்கு இடமளிக்கின்றது. 2017ஆம் ஆண்டுத் திருத்தம், பிள்ளை உயர்கல்வியை முடிக்கும்வரை அப்பொறுப்பை நீட்டித்தது. ஆயினும், ஆணை பெற்றபின்னும் பணம் வராவிடின், ஒருநாள் கூலியை இழந்து மீண்டும் நீதிமன்றப் படியேற வேண்டியவள் அத்தாயே.

சமுதாயம் இத்தாய்மாரைத் தரம் பிரித்தும் பார்க்கின்றது. கைம்பெண்ணுக்கு இரக்கம் கிடைக்கின்றது. மணவிலக்குப் பெற்றவளுக்கு ஐயமும், மணமாகாத் தாய்க்குப் பழியுமே கிடைக்கின்றன. "குடும்பம் குலைந்ததில் அவளுக்கும் பங்கிருக்கலாமே" என வாதிடுவோர் உளர். இருக்கலாம். ஆனால், பிள்ளையின் பசிக்கு அக்காரணம் தெரியுமா? தாயின் நன்னடத்தையை அளந்து பிள்ளைக்கு உதவுவது, செய்யாத குற்றத்திற்குப் பிள்ளையைத் தண்டிப்பதாகும்.

ஆசிரியர்க்கு இதில் தனிப் பங்குண்டு. காலையில் கூட்டப்படும் பெற்றோர் கூட்டத்திற்கு வாராத தாயை அக்கறையற்றவள் என முடிவு கட்டுதல் முறையன்று. 'என் தந்தை' என்று கட்டுரைத் தலைப்புத் தரும்போது, எழுதாமல் குனிந்திருக்கும் மாணவனைக் கவனித்தல் வேண்டும். 'என்னை வளர்ப்பவர்' என்று மற்றொரு தலைப்பையும் தந்தால் அவனும் தலைநிமிர்ந்து எழுதுவான். அதேவேளை, "தகப்பனில்லாப் பிள்ளைதானே" என இரங்கி, அவனிடம் குறைவாக எதிர்பார்ப்பதும் தீங்கே. அவனுக்கு வேண்டுவது சலுகை மதிப்பெண் அன்று. வீட்டில் கிடைக்காத அமைதியில் பாடம் படிக்க, பள்ளி முடிந்தபின் ஓர் இடமும் ஒரு மணி நேரமும் ஆகும்.

இரக்கம் கொடுப்பவர் மனநிலையைப் பொறுத்தது. இன்று சுரக்கும், நாளை வற்றும். கடமையோ நாள்தோறும் ஆற்றப்படுவது. தனித்து வாழும் தாயை அன்னையர் நாளன்று மேடையேற்றி மாலையிடுவதில் பிழையில்லை. மறுநாள் அவள் வேலைக்குச் செல்லும்போது அவள் பிள்ளையை யார் பார்த்துக்கொள்கின்றனர் என்று கேட்டு, அதற்கு விடை காண்பதே சமுதாயம் அவளுக்குச் செலுத்த வேண்டிய கடன்.