நட்டம் யாருக்கு?

நட்டத்தில் நடக்கும் பொதுச்சேவை ஒன்றை நிறுத்திவிடுவது நியாயமா? கணக்கேடு இக்கேள்விக்கு உடனே விடை தந்துவிடும். ஆயின், கணக்கேட்டில் எழுதப்படாத செலவுகளும் உண்டு என்பதை நாம் மறந்துவிடலாகாது. கொழும்பு மாநகரில் ஓடி மறைந்த மின்சார வண்டிகளின் வரலாறு இதனை ஆராய்வதற்கு ஏற்றதோர் உதாரணமாகும்.

1899 ஆம் ஆண்டில் கொழும்பில் மின்சார ட்ராம் ஓடத் தொடங்கிற்று. ஒரு பாதை கிராண்ட்பாஸுக்கும், மற்றொன்று மருதானை வழியாகப் பொரளைக்கும் சென்றன. பௌஸ்டெட் சகோதரர்கள் என்னும் ஆங்கிலேய வர்த்தக நிறுவனத்தாருக்கு அது முதலீடு. அதில் ஏறி வேலைக்குச் சென்ற உழைப்பாளிக்கோ அன்றாட வாழ்வின் ஆதாரம். வண்டியை ஓட்டியவர்களுக்கும் அதில் உரிமை உண்டு என்பதை 1929 இல் ஏ. ஈ. குணசிங்ஹவின் தலைமையில் நிகழ்ந்த ட்ராம் தொழிலாளர் வேலைநிறுத்தம் உணர்த்திற்று. மருதானையில் பொலிஸாரின் துப்பாக்கிச் சூட்டுக்கு உயிர்கள் பலியாயின. 1944 இல் மாநகரசபை இச்சேவையைப் பொறுப்பேற்றது. 1953 இல் ட்ரொலி பஸ்கள் வந்தன. 1960 இல் ட்ராம் முற்றாக நின்றது. 1964 இல் ட்ரொலி பஸ்களும் மறைந்தன.

பழையதைக் கட்டிக்கொண்டு அழுவது முற்போக்காகாது என்று சிலர் கூறுவர். அது உண்மையே. தண்டவாளத்தை விட்டு விலக இயலாத வண்டி, நெரிசல் மிகுந்த வீதியில் ஏனைய வாகனங்களுக்கு இடையூறாகவே இருந்திருக்கும். மேலும், ட்ராம் நின்றபோதும் அவ்வீதிகளில் பயணஞ் செய்தோர் கைவிடப்படவில்லை. 1958 ஜனவரி முதலாந் திகதி பஸ் சேவை தேசியமயமாக்கப்பட்டு, இலங்கைப் போக்குவரத்துச் சபை இயங்கத் தொடங்கியிருந்தது. எனவே, வண்டியை மாற்றுவது வேறு. பயணியைக் கைவிடுவது வேறு. முன்னையது தொழில்நுட்பம் பற்றிய முடிவு. பின்னையது அறம் பற்றிய முடிவு. இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்புவதிலேதான் அநீதி ஒளிந்துகொள்கிறது.

1979 இல் தனியார் பஸ்களுக்கு மீண்டும் வழி திறக்கப்பட்டது. இலாபத்தை நாடுபவன் கூட்டம் மிகுந்த வீதியையும் வேளையையுமே நாடுவான். அது அவனது தொழிலின் இயல்பு. கடைசி பஸ்ஸும், ஆளரவங் குறைந்த கிராமத்துப் பாதையும் பொதுச்சபையின் தலையில் விழும். பின்னர், அச்சபையின் நட்டமே அதன் திறமையின்மைக்குச் சான்றாகக் காட்டப்படும்.

அப்பாதையும் நின்றுவிட்டால் நட்டம் ஒழிந்துவிடுகிறதா? இல்லை. அதிகாலையில் சந்தைக்குக் கீரை கொண்டுசெல்பவளின் கால்களும், இரவு வேலை முடிந்து வீடு திரும்பும் தாதியின் பணப்பையும் அதனைச் சுமக்கின்றன. 1945 முதல் இந்நாட்டில் கல்வி இலவசம். ஆயின், பாடசாலைக்குச் செல்லும் ஒரே பஸ் நின்றுவிட்ட ஊரில், அந்த இலவசத்துக்கு மாணவன் தன் நடையால் விலை கொடுக்கிறான். மாணவியின் படிப்போ பல வீடுகளில் அத்துடன் முடிந்துவிடுகிறது. நூல்நிலையத்திடம் நாம் இலாபங் கேட்பதில்லை. அதன் பயன் வேறிடத்தில் விளைகிறது என்பதை அறிவோம். பஸ்ஸுக்கும் அதே நியாயம் பொருந்தாதா?

வெறும் வண்டிகளை ஓட்டுவதற்குப் பொதுப்பணத்தை வாரி இறைக்கவேண்டும் என்பது எமது வாதமன்று. ஒரு பாதையை நிறுத்துமுன் அதனையே நம்பியிருப்போரை வினவவேண்டும். அவர்களுக்கு மாற்றுவழி அமைக்கவேண்டும். அவர்கள்மீது ஏறும் சுமையையும் கணக்கிற் சேர்க்கவேண்டும். இவற்றைச் செய்த பின்னரும் நிறுத்த நேர்ந்தால், அம்முடிவை நேர்மையான முடிவென்று ஏற்கலாம். இவற்றைச் செய்யாது நிறுத்துவோர், தமது நட்டத்தை எதிர்த்துப் பேச வலுவற்றவர்களின் தலையில் இறக்கிவைப்பவர்களேயாவர். அதற்குச் சிக்கனம் என்று பெயரிடுவதை நாம் ஏற்கவியலாது.