விருந்தும் ஹிம்சையும்

விருந்துக்கு வந்தவர்களுக்கு முதலில் பரிமாறுவதற்கென்று, உருகிய வெண்ணெயில் நசுக்கிய பூண்டின் வாசனை எழும்பும் தருணத்தில் இடப்பட்டு, சாம்பல் வண்ணம் நீங்கி இளஞ்சிவப்பேறி, இரண்டு மூன்று நிமிஷங்களில் வளைந்து சுருளும் இறாலைப் பார்க்கையில், நாவுக்கு முன்பே மனம் விசாரணையைத் தொடங்கிவிடுகிறது. துடுப்பும் செதிலும் இல்லாத நீர்ப்பிராணி ஆகாதென்று பைபிளின் லேவியராகமம் விலக்குகிறது. வைஷ்ணவ ஆசாரமோ பூண்டையும் தள்ளிவிடுகிறது. தட்டில் மிஞ்சுவது கண்ணனுக்கு உகந்த வெண்ணெய்தான். வள்ளுவர் விருந்தோம்பலை இல்லறவியலிலும், புலால் மறுத்தலைத் துறவறவியலிலும் வைத்ததை, கிருஹஸ்தனுக்கு அளித்த சலுகையென்று வாதிப்போர் உண்டு. அவ்வாதம் எனக்குச் சம்மதமில்லை. வேதனை, உண்பவனின் ஆசிரமத்தைப் பொறுத்து மாறுவதன்று; இறாலும் உணர்வுள்ள ஜீவனென்று 2022-ஆம் ஆண்டின் பிரிட்டிஷ் சட்டமே ஒப்புக்கொண்டிருக்கிறது. அதிதியின் திருப்தி புண்ணியந்தான். அதன்பொருட்டுச் செய்த ஹிம்சையை அது கழித்துவிடுமென்று நான் நம்பவில்லை.