ஒரு மாடி தவறி

உன்ஹீ அழைப்புமணியை அடிக்கிறாள். கதவு திறக்கவில்லை. அம்மா, அம்மா என்று கத்துகிறாள், கைப்பிடியை உலுக்குகிறாள். ஒரு மாடி தவறி வேறு யாரோ வீட்டு வாசலில் நிற்பது பிறகுதான் அவளுக்குத் தெரிகிறது. கிம் போரா இயக்கிய ‘ஹவுஸ் ஆஃப் ஹம்மிங்பேர்ட்’ (2018) இப்படித் தொடங்குகிறது. சரியான வீட்டுக்குள் நுழைந்த பிறகும் அவள் நிலை பெரிதாக மாறுவதில்லை.

1994-ஆம் ஆண்டின் சியோல். அப்பா அம்மாவுக்கு அரிசிப் பலகாரக் கடை. அண்ணன் தேஹூன் சியோல் தேசியப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தாக வேண்டும்; வீடே அதற்காகத்தான் நடக்கிறது. பதினான்கு வயது உன்ஹீயை அடிப்பவனும் அவனே. சாப்பாட்டு மேசையில் அவள் அதைச் சொன்னால், சண்டை போடாதீர்கள் என்று அம்மா பொதுவாகச் சொல்லி முடிக்கிறாள். அடித்தவன் ஒருவன், சண்டை மட்டும் இருவருடையதாம்!

ஆனாலும் அந்த அம்மாவை வெறுக்க எனக்கு மனம் வரவில்லை. ஓர் இரவு அவளுடன் பிறந்தவர் குடித்துவிட்டு வருகிறார். அவர் படிக்க வேண்டுமென்று தன் படிப்பை விட்டவள் இவள். கொஞ்ச நாளில் அவரும் இறந்துபோகிறார்.

எதிர்பார்ப்பு என்ற சொல்லுக்குள் ஒரு பார்வை இருக்கிறது. ஆனால் அது பிள்ளையைப் பார்ப்பதில்லை. பிள்ளையைத் தாண்டி, என்றோ வரப்போகிற ஒன்றை வழிபார்த்து நிற்கிறது. அப்படியானால் உன்ஹீயைப் போலவே தேஹூனையும் அந்த வீட்டில் யாரும் பார்க்கவில்லை.

அந்த ஆண்டு அக்டோபர் 21 காலை, சொங்சு பாலத்தின் ஒரு பகுதி ஹான் ஆற்றில் விழுந்தது. 32 பேர் இறந்தார்கள். இது நிஜத்தில் நடந்தது. 1979-ல் திறந்த பாலம். உன்ஹீயைவிட ஒரு வயதுதான் மூத்தது. மேலே வண்டிகளின் பாரம் ஏறிக்கொண்டே போனது. அடியில் பற்றவைப்பு பழுதாக இருந்ததை யாரும் குனிந்து பார்க்கவில்லை.

அக்கா சூஹீ அந்தப் பாலத்தைக் கடந்துதான் பள்ளிக்குப் போவாள். அன்று தாமதமானதால் தப்பினாள். சாப்பாட்டு மேசையில் தேஹூன் திடீரென்று உடைந்து அழுகிறான். மற்றவர்கள் அவனைப் பார்க்கிறார்கள். அவனை அவர்கள் பார்த்ததே அப்போதுதான் என்று எனக்குத் தோன்றியது.

உன்ஹீயைப் பார்த்தவர் ஒருவர் உண்டு. சீன எழுத்து கற்பித்த டியூஷன் டீச்சர் யோங்ஜி. தேஹூன் சேர வேண்டிய அதே பல்கலைக்கழகத்தில் படிப்பை நிறுத்திவைத்திருந்தவர். அடித்தால் வாங்கிக்கொண்டு நிற்காதே என்று அவளிடம் சொன்னவர் அவர்தான்.

அன்று காலை பாலத்தில் அவர் இருந்தார்.